வட்டாரம் என்பது நாடன்று!

2022ஆம் ஆண்டு மே திங்களில், ஒரே கிழமைகளில், ஒரே விளையாட்டுக்கு இரண்டு அரங்குகள் திறந்திருந்தன. ஒன்று கொரியாவின் பூசான் நகரில். மற்றொன்று வியத்துநாமின் தலைநகராகிய அனோயில். பூசானில் நடந்தது, ‘இலீக் ஆவ் இலெசெண்ட்சு’ எனும் கணிப்பொறி விளையாட்டை ஆக்கி விற்கும் இரயட் குழுமத்தின் இடைப்பருவ அழைப்புப் போட்டி. வட்டாரந்தோறும் வாகை சூடிய அணிகளை ஆண்டுக்கொருமுறை ஓரிடத்திற்கு அழைத்து மோதவிடும் உலகப் போட்டி அது. அனோயில் நடந்ததோ தென்கிழக்காசிய நாடுகளின் விளையாட்டு விழா. அவ்விழாவிலும் அதே விளையாட்டு ஒரு போட்டியாகச் சேர்க்கப்பட்டிருந்தது.

வியத்துநாமின் இளவேனிற் பருவ வாகையை அவ்வாண்டு சூடியிருந்தது ‘கேம்’ அணி. பூசானில் உலகத் திரை காத்திருந்தது. அனோயில் தாய்நாட்டுக் கொடி காத்திருந்தது. இரண்டுக்கும் ஒருங்கே செல்லல் இயலாது. கேம் அணி அனோய்க்கே சென்றது! தன் மக்கள் முன் ஆடிப் பொற்பதக்கமும் பெற்றது. பூசானுக்கு இரண்டாம் இடம் பெற்ற சைகோன் பபலோ அணி அனுப்பப்பட்டது. அதுவும் தலைகுனியாமல் முதற்சுற்றைக் கடந்து அடுத்த சுற்றுக்குள் நுழைந்தது.

இதனை விளையாட்டுச் செய்தியாகப் படித்து மறந்தவர் பலர். ஆயின் இதனுள் அடங்கிக் கிடக்கும் வினா சிறிதன்று. ஒரு மக்களினம் தன் பெயரால் களத்தில் நிற்பதும், ஒரு வணிகக் குழுமம் தன் கணக்கேட்டில் கிழித்த கோட்டின் பெயரால் அவ்வினம் நிறுத்தப்படுவதும் ஒன்றாகுமா? வியத்துநாமின் ஐந்து இளைஞர்க்கு அவ்வேறுபாடு விளங்கிற்று. உலகின் பெருநகர் அரங்குகளில் நுழைவுச்சீட்டு வாங்கி ஆர்ப்பரிப்போரில் எத்துணைப் பேர்க்கு விளங்கிற்று?

இவ்விளையாட்டினை அறியாதார்க்குச் சிறிது சொல்லல் வேண்டும். ஓரணிக்கு ஐவர். ஒவ்வொருவரும் ஒரு கணிப்பொறிமுன் அமர்ந்து, நூற்றறுபதுக்கும் மேற்பட்ட புனைவு மறவருள் ஒருவரைத் தெரிந்துகொண்டு, எதிரணியின் கோட்டையை வீழ்த்துதல் வேண்டும். கண்ணும் கையும் அறிவும் ஒருங்கே விரைய வேண்டிய ஆட்டம். ‘பொத்தானைத் தட்டுவதும் ஒரு விளையாட்டா?’ என முகஞ்சுளிக்கும் பெரியோர், சதுரங்கம் எனப்படும் வல்லாட்டத்தில் மரக்காயை நகர்த்துதற்கு எத்துணைத் தோள்வலி வேண்டும் என்று தம்மைத் தாமே கேட்டுக்கொள்வாராக! ஆடுவாரின் திறத்திற் குறையில்லை. குறை, ஆட்டுவிப்பாரின் கையில் உள்ளது.

பந்தாட்டத்தை எவரும் விலைக்கு வாங்கி வைத்துக்கொள்ளவில்லை. சடுகுடுவுக்கு உடைமையாளர் இலர். ஊர் மன்றத்தில் எந்தச் சிறுவனும் கோடு கிழித்து ஆடலாம். எந்த நாடும் தனக்கென ஒரு கழகம் அமைக்கலாம். இங்கோ ஆட்டக்களமே ஒரு குழுமத்தின் உடைமை! 2006இல் அமெரிக்காவின் இலாசு ஏஞ்சலிசில் தோன்றிய இரயட் குழுமம், 2009இல் இவ்விளையாட்டை வெளியிட்டது. 2011இல் சீனத்தின் டென்செண்டு குழுமம் அதன் பெரும்பங்கை வாங்கியது. 2015இல் முழுமையும் வாங்கியது. களமும் அவர்க்குரியது, காயும் அவர்க்குரியது, நடுவரும் அவரே, போட்டியைக் காட்டும் உரிமையும் அவரதே. ஏறத்தாழ இரு கிழமைக்கொருமுறை ஆட்டத்தின் உள்ளமைப்பையே திருத்தி, நேற்று வலிவுடையதாய் இருந்த மறவனை இன்று நோஞ்சானாக்கி விடுவர். அவர் கதவை மூடினால் அவ்விளையாட்டே உலகில் இல்லை.

இஃது இன்று முளைத்த சிக்கலும் அன்று. கொரியர் ‘இசுட்டார்கிராவ்ட்டு’ எனும் முன்னைய விளையாட்டைத் தம் தொலைக்காட்சிகளில் வளர்த்து, ஆட்டக்காரரை நாடறிந்த பெருமக்களாக்கி, 2000ஆம் ஆண்டிலேயே அதற்கெனக் கழகமும் கண்டனர். பின்னர், அதனை ஆக்கிய பிலிசார்டு எனும் அமெரிக்கக் குழுமம், “காட்டும் உரிமை எங்களுடையது” என்று 2010இல் கொரியத் தொலைக்காட்சிகள்மேல் வழக்குத் தொடுத்தது. 2011இல் உடன்பாடு செய்துகொண்டே அவ்வழக்கு முடிந்தது. மரத்தை நட்டவன் ஒருவன். பத்தாண்டுக்கு மேல் நீர் ஊற்றி நிழல் கண்டது ஒரு மக்கள். நிழலுக்கு வாடகை கேட்டவன் நட்டவன்!

இனி, வட்டார வாகையர் என்பார் யாவர் எனக் காண்க. முதல் இடைப்பருவப் போட்டி 2015இல் அமெரிக்காவின் புளோரிடா மாநிலத்துத் தல்லகாசி நகரில் நடைபெற்றது. ஆறு இடங்கள். கொரியா, சீனம், தைவான் சார்ந்த பகுதி, ஐரோப்பா, வட அமெரிக்கா ஆகிய ஐந்துக்கும் ஐந்து இடங்கள் உரிமையாக வழங்கப்பட்டன. பிரேசில், துருக்கி, உருசியா, சப்பான், இலத்தீன் அமெரிக்கா, தென்கிழக்காசியா, ஆத்திரேலியப் பகுதி ஆகிய அனைத்திற்கும் சேர்த்து எஞ்சிய ஓரிடம்! இவை அனைத்திற்குமாகக் குழுமம் இட்ட பொதுப்பெயர் ‘வைல்டு கார்டு’ என்பது. சீட்டுக்கட்டில் எதற்கும் பயன்படுத்தக்கூடிய, தனக்கென மதிப்பில்லாத சீட்டுக்கு வழங்கும் பெயர் அது. சப்பானியனுக்கும் துருக்கியனுக்கும் உருசியனுக்கும் ஒரே பெயர், சீட்டு! அவ்வோரிடத்தைத் துருக்கியின் பெசிக்தாசு அணி போராடிப் பெற்றது. இசுதான்புல் மக்கள் நூறாண்டுக்கு மேலாக நெஞ்சில் வைத்துப் போற்றும் பந்தாட்டக் கழகத்தின் பெயர் அது.

அடுத்த ஆண்டு, 2016இல், அச்‘சீட்டு’களுள் ஒன்றாகிய உருசிய மொழியினரின் அல்பசு நோக்சு இலூனா அணி, உலக வாகைப் போட்டியின் காலிறுதி வரை ஏறியது. குழுமத்தார் அதன்பின் அப்பெயரைக் கைவிட்டனர். தாழ்த்தப்பட்டோன் வென்ற பின்னரே அவன் பெயரைத் திருத்துவது வல்லார் வழக்கம்.

ஒருவாறு நிலை சீர்ப்படும் போலத் தோன்றிய காலமும் ஒன்று உண்டு. 2018ஆம் ஆண்டுப் போட்டிக்குப் பதினான்கு வட்டாரங்களின் வாகையர் வந்தனர். வியத்துநாம் தென்கிழக்காசியத் தொகுப்பினின்று பிரிந்து அவ்வாண்டே தனி வட்டாரமாயிற்று. 2019இல் ஓ சி மின் நகரும் அனோயும் அப்போட்டியின் முற்பகுதியைத் தம் மண்ணிலேயே நடத்தின. பதினான்கு என்னும் அவ்வெண் 2025இல், கனடாவின் வான்கூவரில் என்னவாயிற்று? ஐந்து! வாகையர் மட்டுமே வருதல் வேண்டும் என்னும் பழைய முறையும் போயிற்று. 2023 முதற்கொண்டே பெருவட்டாரங்கள் இரண்டிரண்டு அணிகளை விடுத்தன. வான்கூவரில் ஐந்தும் இரண்டிரண்டாகப் பத்து. முடிவில் மோதியவை கொரியாவின் சென்.சி அணியும் கொரியாவின் டி1 அணியும். இவ்விரண்டும் தத்தம் ஊரிலேயே ஆடித் தீர்த்துக்கொள்ளக்கூடிய வழக்கினைக் கண்டம் தாண்டிச் சென்று தீர்த்துக்கொண்டன!

ஒன்பது வட்டாரங்கள் எங்கே போயின? போர் வந்து அழிந்தனவா? ஒன்றே ஒன்றைப் போர் அழித்தது: உருசியா உக்ரைன்மேற் படையெடுத்த 2022இல் உருசிய மொழியினரின் தொடர் நின்றது. மற்றவற்றை அழித்தது எழுதுகோல். 2020ஆம் ஆண்டு அக்டோபரில், ஆத்திரேலிய நியூசிலாந்துப் பகுதியின் தொடரைக் குழுமம் கலைத்தது. சிட்னியில் இருந்த அலுவலகத்தையும் மூடியது. அத்தோடு விட்டதா? அப்பகுதியின் ஆட்டக்காரர் இனி வட அமெரிக்க வட்டாரத்தினராகவே கருதப்படுவர் என்றும் அறிவித்தது! பசிபிக் பெருங்கடலின் இக்கரையிற் பிறந்தவன், காலையிற் கண்விழித்தபோது, தாளில் அக்கரையினன் ஆகிவிட்டான். உலக வரைபடத்தை இத்துணை எளிதாக மாற்றிய பேரரசன் எவனும் வரலாற்றில் இலன். துருக்கியின் தொடர் ஐரோப்பா, நடுக்கிழக்கு, ஆப்பிரிக்கா எனும் ஒற்றைப் பெருந்தொகுப்பின் கீழ்ப்படிக்கு இறக்கப்பட்டது. சப்பான், தைவான், வியத்துநாம் மூன்றும் 2025இல் ‘பசிபிக்’ என்னும் ஒரே பட்டியில் அடைக்கப்பட்டன. ஆண்டாண்டாகத் தம் நாட்டின் பெயரால் உலக அரங்கிற்கு வந்த வியத்துநாமியர், இப்போது ஒரு கடலின் பெயரால் வருகின்றனர்.

பெருஞ்சந்தைக்கு ஒரு முறை, சிறுநாட்டுக்கு ஒரு முறை என்பதற்கு அதே பூசான் போட்டியே சான்று. 2022இல் சீன வாகை அணி, தொற்றுநோய்த் தடையால் சாங்காயை விட்டு வெளிவர இயலவில்லை. குழுமம் என் செய்தது? சாங்காயிலிருந்தே ஆடலாம் என இசைவளித்தது! தொலைவினால் உண்டாகும் தாழ்வு சமனாகும்பொருட்டு, பூசானில் நேரில் வந்து அமர்ந்திருந்த ஏனை அணிகளின் பொறிகளிலும் நொடியின் ஆயிரத்தில் 35 பங்கு செயற்கைத் தாழ்வு ஏற்றப்பட்டது. அக்கணக்கிலும் பிழை நேர்ந்து, சீன அணியின் முதல் மூன்று ஆட்டங்கள் மீண்டும் ஆடப்பட்டன. ஈற்றில் அவ்வணியே வாகையும் சூடிற்று. அதன் திறத்தை ஈண்டுக் குறை கூறவில்லை. ஆயின் வியத்துநாம் அதே தொற்றுத் தடையால் 2020இன் உலக வாகைப் போட்டி, 2021இன் இடைப்பருவப் போட்டி, 2021இன் உலக வாகைப் போட்டி என மூன்றுக்கும் செல்ல இயலாமல் வீட்டிலிருந்ததே! அன்று அனோயிலிருந்து ஆடுக என எவர் சொன்னார்? எவருடைய பொறியில் எவர்பொருட்டுத் தாழ்வு ஏற்றப்பட்டது? தொலைவு ஒன்றே, தடையும் ஒன்றே, சந்தை மட்டும் ஒன்றன்று.

இனி அணிகளின் உள்ளே நோக்குக. 2019இன் இடைப்பருவ இறுதிப்போட்டியில் வட அமெரிக்காவின் பெயரால் நின்ற அணியில் கொரியர் இருவர், தென்மார்க்கினர் ஒருவர். 2018இல் சீனத்திற்கு முதல் உலக வாகையை ஈட்டித் தந்த அணியின் தூண்களாய் நின்ற இருவர் கொரியர். பிறநாட்டார் மிகுதியாக வருவதைத் தடுக்க, ஓரணிக்கு இருவரே வரலாம் என 2015 முதல் விதி உண்டு. இவ்வாறு வருவோர்க்கு வழங்கும் பெயர் யாது தெரியுமா? ‘இறக்குமதி’! கப்பலில் வந்து இறங்கும் மிளகு மூட்டைக்கும், இருபது அகவை நிரம்பா இளைஞனுக்கும் ஒரே சொல். சொல்லை ஆளும் முறையே ஆள்வோனின் உள்ளத்தைக் காட்டிவிடும். அணி இடங்களுமே விற்பனைப் பொருள்கள்தாம். வட அமெரிக்கத் தொடரில் 2018இல் நிலையான ஓரிடத்தின் விலை ஒரு கோடி அமெரிக்க வெள்ளி எனவும், புதியவர்க்கு அதற்கு மேலும் எனவும் செய்தித்தாள்கள் எழுதின. வென்று ஏறுதலும் தோற்று இறங்குதலும் அத்துடன் அங்கு ஒழிந்தன. வாகையை வாளாலன்றி விலையால் காக்கும் வழி!

கொரியா இதில் ஒரு தனிப் பாடம். கொரியர்போல் தம் எழுத்தின்மேற் பற்றுடையார் உலகிற் சிலரே. எழுத்துக்கென ஆண்டுதோறும் விழா எடுத்து, அந்நாளை நாட்டு விடுமுறையாகவும் கொண்டாடும் மக்கள். ஆயின் அவர்தம் அணிகளின் பெயர்கள் யாவை? டி1, சென்.சி, கே.டி. எல்லாம் ஆங்கில எழுத்துகள்! இவ்விளையாட்டின் ஒப்பற்ற ஆட்டக்காரராய், 2013 முதல் 2025 வரை ஆறுமுறை உலக வாகை சூடியவரின் இயற்பெயர் இலீ சாங்கியோக். உலகம் அவரை அறிவது ‘பேக்கர்’ எனும் ஆங்கிலப் பெயரால். போலி செய்பவர் என அதற்குப் பொருள். தாய் இட்ட பெயர் அழகிய கொரிய எழுத்தில் இருக்க, மகன் முதுகில் அச்சிடப்பட்டிருப்பது அயலெழுத்து. அவர் வேண்டித் தெரிந்துகொண்ட புனைபெயர்தான், வலிந்து திணித்ததன்று. எனினும் பன்னிரண்டு நாட்டு இளைஞரும் தனித்தனியே ‘வேண்டி’, ஒரே மொழியிலேயே பெயர் தெரிந்துகொள்கின்றனர் என்றால் அவ்வேட்கை எங்கு விளைந்தது?

ஆயினும் கொரியா முழுதும் பணிந்துவிடவில்லை. அதுவே இங்குக் கருதத்தக்கது. 2011இல் கொரியச் சந்தைக்குள் நுழைந்த குழுமம், கொரியப் பாட்டிமார் கதைகளில் வரும் ஒன்பது வால் நரியை ‘அகரி’ எனும் மறத்தியாக்கி, கொரிய மொழியிலேயே பேசவிட்டுத்தான் நுழைந்தது. அங்குள்ளாரின் மதிப்பைப் பெறும்பொருட்டு, கொரியப் பண்பாட்டுச் செல்வங்களைக் காத்தற்குப் பொருளுதவியும் செய்யலாயிற்று. அமெரிக்காவில் ஓர் அருங்காட்சியகத்திற் கிடந்த சோசன் காலப் புத்தர் ஓவியம் ஒன்று 2014இல் அவ்வுதவியால் தாய்மண் திரும்பியது. கொடுத்தவர் நெஞ்சில் அறம் சுரந்ததென எவரும் மயங்க வேண்டா. தன் மொழியையும் தன் பழம்பொருளையும் மதிக்கும் மக்களிடம் விற்க வேண்டுமாயின் அவற்றிற்கு வணங்கித்தான் விற்க வேண்டும் எனும் வணிகக் கணக்கு அது. வணிகன் வணங்குவது வாங்குவோன் நிமிர்ந்து நிற்குமிடத்தில்தான்.

கொரிய அரசும் தன் அளவுகோலை அயலார் கையிற் கொடுக்கவில்லை. அந்நாட்டில் ஆடவர்க்குப் படைப்பணி கட்டாயம். 2023ஆம் ஆண்டு செப்டம்பர்வரை இலீ சாங்கியோக் மூன்றுமுறை உலக வாகை சூடியிருந்தார். குழுமத்தின் அம்மூன்று வாகைகளும் அவர்க்குப் படைப்பணி விலக்குப் பெற்றுத் தரவில்லை. சீனத்தின் ஆங்சோவில் நடந்த ஆசிய விளையாட்டில், கொரியாவின் கொடிக்கீழ், கொரியாவின் பெயரால், அவ்வணி பெற்ற ஒரு பொற்பதக்கம் அவ்விலக்கைத் தந்தது. நாட்டுக்கு ஆடியது வேறு, குழுமத்துக்கு ஆடியது வேறு என ஓர் அரசு சட்டத்தால் வரைந்து வைத்திருக்கின்றது! அதே ஆங்சோவில் வெள்ளி பெற்றோர் தைவானியர். அவர்க்கோ அங்குத் தம் பெயரும் வாய்க்கவில்லை; ‘சீனத் தாய்பெய்’ என்னும் இரவற் பெயரால் மேடை ஏறினர். நாடு இருந்தும் பெயர் மறுக்கப்பட்டோரின் நிலை அது.

“விளையாட்டில் நாடு எதற்கு, இனம் எதற்கு? மாந்தர் அனைவரும் ஒன்றன்றோ?” என்று கேட்போர் உளர். நல்லெண்ணத்தில் கேட்போரும் அவருள் உளர். அவர் இக்கேள்வியைக் கேட்க வேண்டிய இடம் குழுமத்தின் வாயில். ‘கொரியாவா, சீனமா? கிழக்கா, மேற்கா?’ என்று முழக்கி அரங்கை நிரப்புவது எவர்? நாட்டுப் பற்று நுழைவுச்சீட்டு விற்கும் வரை வேண்டும்; அந்நாடு தனக்கென ஓரிடம் கேட்டால் மட்டும் ‘விளையாட்டில் நாடு எதற்கு’ என்னும் பண்பாட்டுப் பாடம்! மாந்தர் அனைவரும் ஒன்றெனில், சீனர்க்கு ஏற்றிய அந்த முப்பத்தைந்து வியத்துநாமியர்க்கும் ஏற்றப்பட்டிருத்தல் வேண்டும்.

சொல்லளவிலேனும் தம்மைக் காத்துக்கொள்ள முனைந்த ஒரு நாட்டையும் இங்குக் குறித்தல் தகும். பிரான்சு அரசு 2022ஆம் ஆண்டு மே திங்களில், ஆம், பூசானிலும் அனோயிலும் ஆட்டம் நடந்த அதே திங்களில், இவ்விளையாட்டுத் துறையின் ஆங்கிலச் சொற்களுக்குப் பிரெஞ்சுச் சொற்களை ஆக்கி, அரசு அலுவலர் அவற்றையே வழங்குதல் வேண்டும் என ஆணையிதழில் வெளியிட்டது. அந்நாடு இவ்விளையாட்டை வெறுக்கும் நாடன்று. 2019இல் உலக இறுதிப்போட்டியையே பாரிசில் நடத்திய நாடு. ஆட்டத்தை வரவேற்றது, சொல்லை வாயிலில் நிறுத்தியது. இங்கோ ‘இ-ஸ்போர்ட்ஸ்’ என்று கூச்சமின்றி அச்சிடும் தமிழ்த் தாளிகைகட்கு, ‘மின்விளையாட்டு’ என எழுதுவதால் எவ்வெழுத்துத் தேய்ந்துவிடும்?

அமெரிக்கக் கண்டங்களில் நிகழ்ந்தது இன்னும் சொல்லப்படவில்லை. 2018இன் பதினான்கில் இசுபானிய மொழி பேசும் இலத்தீன் அமெரிக்கர்க்கு இரண்டு இடங்கள் இருந்தன. வடபகுதிக்கு ஒன்று, தென்பகுதிக்கு ஒன்று. 2019இல் இரண்டும் ஒன்றாக்கப்பட்டன. 2025இல் அவ்வொன்றும், வட அமெரிக்கத் தொடரும், பிரேசிலின் தொடரும் ஒரே தொடராகக் கலக்கப்பட்டன. அதனுள் வடக்கு, தெற்கு என இரு பிரிவு. இசுபானிய அணிகள் வடக்கே ஆங்கிலம் பேசுவோரிடையிலும், தெற்கே போர்த்துக்கீசியம் பேசுவோரிடையிலுமாகப் பிரித்து வைக்கப்பட்டன. அக்கலவை ஓராண்டும் நிலைக்கவில்லை. பிரேசிலியரும் வட அமெரிக்கரும் தத்தம் பழைய தொடரைத் தத்தம் பழைய பெயராலேயே 2026இல் திரும்பப் பெறுவர் என 2025ஆம் ஆண்டிலேயே அறிவிப்பு வந்தது. இசுபானியரின் தொடர் அவ்வறிவிப்பில் இல்லை. மெக்சிக்கோவினின்று அர்செந்தினா வரை ஒரே மொழியால் பேசிக்கொள்ளும் அம்மக்களின் ஆட்டக்காரர், ஒரு பக்கம் ஆங்கிலத்தார் தொடரிலும் மறுபக்கம் போர்த்துக்கீசியத்தார் தொடரிலும் ‘உள்நாட்டார்’ என எண்ணப்படுகின்றனர். தம் பெயரால் நிற்க அவர்க்கு ஓரிடமும் இல்லை.